இரண்டு மணிக்கு இரவு

பகலில் கதை சொல்லக் கூடாது.
சொன்னால் பெற்றவள் கூடையாகிப் போவாள் என்று
எங்கள் தெருவில் ஒரு பேச்சு.
பக்கத்துத் தெருவில் வேறு தண்டனை.
சரி, இரவில் சொல்லலாமென்றால்
இருட்டிய பின் சாலையில்
யார் துப்பாக்கியோடு நிற்பார்கள் என்று
யாருக்குத் தெரியும்?

ஆகவே ஜாக்மெல் நகரத்தில்
சனிக்கிழமை மதியம் இரண்டு மணிக்கு
இரவு செய்கிறவன் நான்.
பெயர் ஒஸ்னெல்.
மற்ற நாளெல்லாம் செல்போனுக்கு சார்ஜ் ஏற்றித் தருகிறவன்.

பழைய காப்பிக் கிடங்கு. ஏழு சன்னல்.
புயலுக்குப் பிறகு யாரோ அனுப்பிய நீலத் தார்ப்பாய்களை
ஒரே கயிற்றில் கோத்து வைத்திருக்கிறேன்.
இழுத்தால் இருள். விட்டால் விடியல்.
கூரைத் தகரத்தின் ஆணி ஓட்டைகளைத்தான்
அடைக்க முடியவில்லை.
"அடைக்காதே" என்றாள் இவ்ரோஸ்,
"அவை இருக்கட்டும், நட்சத்திரம்."

இவ்ரோஸ் சந்தையில் பழைய துணி விற்பவள்.
மேடையேறினால் அவளுக்கு மூன்று குரல்,
ஆட்டுக்கு ஒன்று, அரசனுக்கு ஒன்று,
மூன்றாவது யாருடையது என்று கேட்டால் சிரிப்பாள்.
ஒருமுறை கருவியோடு ஒருவர் வந்தார்,
கதைகளைக் காப்பாற்ற வேண்டுமாம்.
கருவியைப் பார்த்து "க்ரிக்?" என்றாள்.
அது சிவப்பு விளக்கைக் காட்டியது.
இன்னொரு முறை, "க்ரிக்?"
சிவப்பு.
"இது 'க்ராக்' சொல்லப் பழகட்டும், பிறகு வாருங்கள்"
என்று எழுந்து துணி மடிக்கப் போய்விட்டாள்.

நேற்று கயிற்றை இழுத்தேன்.
இருநூறு பிள்ளைகள் ஒரே மூச்சில் அடங்கினார்கள்.
"க்ரிக்?"
"க்ராக்!"
கூரையிலிருந்து துரு உதிர்ந்தது.

தன் நிழலைக் கடன் கொடுத்த ஆட்டின் கதை.
நூறு தடவை கேட்டிருக்கிறேன்,
நேற்று நிழலைத் திருப்பித் தரவில்லை அரசன்.
ஏன் மாற்றினாள் என்று தெரியவில்லை.
முடிவு மட்டும் எப்போதும் போல:
"நியாயம் கேட்க நானும் போனேன்,
ஒரு உதை விட்டார்கள் பாருங்கள்,
பறந்து வந்து இங்கே விழுந்தேன்,
அதனால்தான் உங்களுக்குச் சொல்கிறேன்!"

எல்லோரும் சிரிக்கும் இடம் அது. சிரித்தார்கள்.
சிரிப்பு ஓய்ந்த பிறகு
நான்காம் வரிசையிலிருந்து ஒரு பையன்,
"எங்களையும் அப்படித்தான்" என்றான்.

கெர்வென்ஸ். தலைநகரின் மலைச்சரிவிலிருந்து
மூன்று நாள் நடந்து வந்த குடும்பம்.
பள்ளிக்கூட வராந்தாவில் படுக்கிறார்கள்.

எதற்கும் பதில் வைத்திருக்கிற இவ்ரோஸ்
மேடையை விட்டு இறங்கி
அவன் நாற்காலி ஓரம் தரையில் உட்கார்ந்தாள்.
அவ்வளவுதான்.

கொஞ்ச நேரம் கழித்து அவன்,
"டிம் டிம்?"
"ப்வா ஷேஷ்!" என்றோம், உலர்ந்த கட்டை என்றோம்,
விடுகதைக்கு நாங்கள் தயார் என்று அர்த்தம்.

"பல் இருக்கிறது, கடிக்காது.
வாய் ஒன்றே ஒன்றுக்குத்தான் பொருந்தும்.
அந்த வாய் எரிந்துபோயிற்று.
என்ன?"

மீன் என்றது ஒரு குரல். சீப்பு என்றது இன்னொன்று.
அரிவாள், அரிவாள் என்றார்கள் பின்வரிசையில்.
கடைசியில் தோற்றவர்கள் சொல்லும் சொல்லை
இவ்ரோஸ்தான் முதலில் சொன்னாள்:
"பட்டாணி குடித்தேன்."
இருநூறு பேரும் குடித்தோம்.

அவன் கால்சட்டைப் பையைத் துழாவுவது கேட்டது.
ஏதோ ஒன்றைத் தூக்கிக் காட்டினான் போல.
நட்சத்திரங்கள் போதவில்லை,
ஒன்றும் தெரியவில்லை.
வளையத்தில் இரும்பு உரசும் சத்தம் மட்டும்.

என் கையில் கயிறு.
விட்டிருந்தால் எல்லோரும் பார்த்திருப்பார்கள்.
உள்ளங்கை எரிந்தது, தோள் நடுங்கியது,
வெளியே ஐஸ் வண்டிக்காரன் மணியடித்துப் போனான்.

"க்ரிக்?" என்றான் கெர்வென்ஸ், மெதுவாக,
இந்த முறை கதைக்கு.

கயிற்றை மணிக்கட்டில் இன்னொரு சுற்று சுற்றிக்கொண்டேன்.